காலையில் கோட்டை, மதியம் பரிசல்: ராயக்கோட்டை முதல் ஒகேனக்கல் வரை ஒரு நாள் பயணம்

சென்னையிலிருந்து எங்கள் வீட்டுக்கு யார் வந்தாலும் மறுநாள் காலை ஒரே கேள்விதான்: "ஒகேனக்கல் எவ்வளவு தூரம்?" வண்டி எடுத்துப் போவார்கள், எண்ணெய் தேய்த்துக் குளிப்பார்கள், மீன் தின்பார்கள், ஈரத் துண்டோடு திரும்புவார்கள். போகிற வழியெல்லாம் ஜன்னலுக்கு வெளியே நிற்கிற பாறை மலைகளைப் பற்றி ஒருவரும் கேட்பதில்லை. அந்த மலைகளில் பலவற்றின் உச்சியில் கோட்டை இருக்கிறது. கிருஷ்ணகிரி, தருமபுரி வட்டாரத்துக்குப் பாரமகால் என்ற பழைய பெயர் வந்ததே பன்னிரண்டு கோட்டைகளால்தான் என்பார்கள்.

இன்னொரு கூட்டம் உண்டு. விடியற்காலை டார்ச் லைட்டோடு கோட்டை ஏறி, சூரிய உதயத்தைப் படம் பிடித்து, எட்டு மணிக்கு டிபன் சாப்பிட்டுப் பெங்களூருக்குத் திரும்பிவிடும். அவர்களுக்கு ஆறு தெரியாது.

இரண்டையும் ஒரே நாளில் பார்ப்பதற்கான வழிகாட்டி இது. நான் கிருஷ்ணகிரிக்காரன். சொந்தக்காரர்கள், நண்பர்கள், நண்பர்களின் நண்பர்கள் என்று பல முறை கூட்டிப் போய், தப்பு செய்து, திருத்திய வரிசை. ஏன் இரண்டையும் சேர்க்க வேண்டும் என்றால், இந்தச் சீமையில் நடந்த போர்களைப் பீரங்கியை வைத்துப் புரிந்துகொள்ள முடியாது. அரிசியையும், மாட்டையும், தண்ணீரையும் வைத்துத்தான் அவை நடந்தன. கோட்டையில் ஏறினால் வழி தெரியும், ஆற்றில் இறங்கினால் மற்றது தெரியும்.

முதலில் நாள் குறியுங்கள், ஆற்றைக் கேட்டு

கோட்டைக்கு வெயில் ஒன்றுதான் கணக்கு. ஆற்றுக்கு அப்படியில்லை. கர்நாடகத்தில் தென்மேற்குப் பருவமழை பிடித்துக் கபினியும் கிருஷ்ணராஜசாகரும் நிரம்பினால், அங்கே திறந்துவிடுகிற தண்ணீர் பிலிகுண்டுலு வழியாகத் தமிழ்நாட்டுக்குள் நுழைந்து ஒகேனக்கல்லுக்கு வரும். ஜூலை, ஆகஸ்டில் திடீரென்று வரத்து கூடும். 2018இலும் 2024இலும் வினாடிக்கு 1 லட்சம் கன அடியைத் தாண்டி ஓடியது. அப்போது பரிசலும் கிடையாது, குளியலும் கிடையாது. மாவட்ட நிர்வாகம் தடை போட்டுவிடும். ஐந்தருவி என்று ஒன்று இருந்ததே தெரியாது, எல்லாம் ஒரே செந்நீர்.

ஆகவே கிளம்புவதற்கு முந்தைய நாள் செய்தியில் "ஒகேனக்கல் நீர்வரத்து" என்ன எண் என்று பாருங்கள். ஆடி மாதத்தில் எங்கள் ஊர் டீக்கடையில் தங்கம் விலைக்கு முன்னால் அதைத்தான் படிப்பார்கள். எண் சில ஆயிரங்களில் நின்றால் பொதுவாகப் பரிசல் ஓடும். பல்லாயிரங்களுக்குப் போய்விட்டால் நாளை மாற்றுங்கள். பாதி வழி போய்ப் போன் போட்டுக் கேட்கிற வேலை வேண்டாம்; நான் ஒரு முறை பென்னாகரம் வரை போய்த் திரும்பி வந்தவன்.

எனக்குப் பிடித்தது நவம்பர் கடைசியிலிருந்து பிப்ரவரி வரை. தண்ணீர் தெளிந்திருக்கும், பாறையும் சுடாது. ஏப்ரல், மே மாதங்களில் ஆறு இளைத்துப் பாறை இடுக்குகளுக்குள் பரிசல் நன்றாகவே போகும்; ஆனால் காலையில் ஏற வேண்டிய கோட்டை உங்களை வறுத்துவிடும். ஆடிப்பெருக்கு அன்று மட்டும் வேண்டாம். ஆற்றைப் பார்க்க முடியாது, தலைகளைத்தான் பார்க்கலாம்.

வழிகாட்டியைத் தேர்வது

ராயக்கோட்டை மலையடியில் சீட்டுக் கொடுத்து ஆள் அனுப்புகிற ஏற்பாட்டை எதிர்பார்க்க வேண்டாம். வழிகாட்டியை நீங்களே முன்கூட்டிப் பேசிக்கொள்ள வேண்டும். கல்வெட்டு, நடுகல் என்று சுற்றுகிற ஆசிரியர்களும் ஓய்வு பெற்றவர்களும் இந்த இரு மாவட்டங்களிலும் நிறைய இருக்கிறார்கள். பள்ளிக்கூடத்திலோ அருங்காட்சியகத்திலோ விசாரித்தால் யாராவது ஒருவரைக் கைகாட்டுவார்கள். அவருக்கு ஒரு நாள் சம்பளம், சாப்பாடு, போக்குவரத்து எல்லாம் உங்கள் பொறுப்பு. "பார்த்துக் கொடுங்க" என்று அவர் சொன்னாலும் தொகையை முதலிலேயே பேசிவிடுங்கள். படித்தவர்கள் பணம் கேட்கக் கூச்சப்படுவார்கள். அந்தக் கூச்சத்தை நாம் லாபமாக்கக் கூடாது.

ஆள் சரியா என்று தெரிந்துகொள்ள என்னிடம் ஒரு சோதனை உண்டு. "இந்தக் கோட்டையிலிருந்து சுரங்கம் எங்க போகுதுங்க?" என்று கேளுங்கள். "ஸ்ரீரங்கப்பட்டணம் வரைக்கும் போகுதுங்க, திப்பு குதிரையிலயே வருவாரு" என்று பதில் வந்தால் வேறு ஆள் பாருங்கள். தமிழ்நாட்டில் சுரங்கம் இல்லாத கோட்டையே கிடையாது போலும். அத்தனையும் முழுக் கருங்கல் மலை. எந்தக் கடப்பாறையால் தோண்டினார்களோ! சிரித்துவிட்டு, "அப்படித்தான் சொல்லுவாங்க, வாங்க, சுனையைக் காட்டுறேன்" என்கிறவர்தான் நமக்கு வேண்டியவர்.

காலை 5.30: கிளம்புதல்

கிருஷ்ணகிரியிலிருந்து ராயக்கோட்டை ஏறக்குறைய 30 கிலோமீட்டர். தருமபுரியில் தங்கியிருந்தால் பாலக்கோடு வழியாக வரலாம். ரயிலில் வருகிறவர்களுக்கும் வழி உண்டு: சேலம்–பெங்களூரு பாதையில் தருமபுரி, பாலக்கோடு, ராயக்கோட்டை மூன்றும் நிலையங்கள். ஆனால் மலை ஏறுவதற்குத் தோதான நேரத்தில் வண்டி இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

ஆளுக்கு 2 லிட்டர் தண்ணீர். இதைத் தடித்த எழுத்தில் போட வேண்டும். ஒரு மே மாதம் பத்தரை மணிக்கு மலை ஏறத் தொடங்கினோம், ஐந்து பேருக்கு இரண்டு பாட்டில். பாதி மலையில் சித்தப்பா ஒரு பாறையில் சாய்ந்து உட்கார்ந்தவர், "நீங்க போயிட்டு வாங்கப்பா, நான் இங்கயே திப்புவுக்குக் காவல் இருக்கேன்" என்றார். முகம் வெளுத்திருந்தது. கைத்தாங்கலாக இறக்கிக் கொண்டுவந்தோம். அதற்கப்புறம் ஆறரைக்குப் பிந்தி ஏறுவதில்லை.

அதோடு தொப்பி, பிடிமானமுள்ள செருப்போ ஷூவோ, கொறிக்கக் கொஞ்சம் கடலை மிட்டாய், ஒரு மாற்று உடை. ட்ரோன் கொண்டுவராதீர்கள். கோட்டை தொல்லியல் துறையின் பாதுகாப்பில் இருக்கிறது. அனுமதியில்லாமல் பறக்கவிடக் கூடாது.

காலை 6.30: மலை ஏற்றம்

நிதானமாக ஏறினால் ஒரு மணி நேரத்துக்குச் சற்று மேலாகும். வழியில் மதில்கள் வரும். ஒவ்வொன்றிலும் நின்று திரும்பிக் கீழே பாருங்கள். கீழே ஏறி வருகிறவனை மேலே நிற்பவன் எத்தனை நேரம் பார்த்துக்கொண்டிருக்க முடியும் என்று உங்கள் கால்வலி கணக்குச் சொல்லும்.

மேலே போய்ச் சேர்ந்ததும் உடனே கதை கேட்க உட்காராதீர்கள். முதலில் இரண்டு திசை பாருங்கள். ஒரு பக்கம் ஓசூர், தேன்கனிக்கோட்டை மேட்டுநிலம், கடல்மட்டத்திலிருந்து சுமார் 900 மீட்டர். இன்னொரு பக்கம் சரிந்து இறங்கும் பாரமகால் சமவெளி. கிருஷ்ணகிரி சுமார் 500 மீட்டர்தான். கீழ்நாட்டிலிருந்து மைசூர்ச் சீமைக்கு வண்டியேற வேண்டுமென்றால் இந்தப் படியைத் தாண்ட வேண்டும். ராயக்கோட்டை அந்தப் படிக்குப் போட்ட பூட்டு.

இப்போது வழிகாட்டியைப் பேசவிடுங்கள். 1767 முதல் 1799 வரை மைசூருக்கும் கிழக்கிந்தியக் கம்பெனிக்கும் நான்கு போர்கள். எல்லாவற்றையும் கேட்டால் தலை சுற்றும். இந்த மலைக்கு மூன்றாவது போர் போதும்.

1791 மார்ச்சில் கம்பெனியின் கவர்னர் ஜெனரல் கார்ன்வாலிஸ் பெங்களூர்க் கோட்டையைப் பிடித்துவிட்டார். மே மாதம் ஸ்ரீரங்கப்பட்டணத்தை எட்டி, அரிக்கெரெ பக்கத்தில் நடந்த சண்டையிலும் வென்றார். அப்படியும் கோட்டையை முற்றுகையிட முடியாமல் திரும்பினார். காரணம் துப்பாக்கி அல்ல, சோறு. மழை பிடித்துக்கொண்டது, இழுவை மாடுகள் ஆயிரக்கணக்கில் செத்தன, தானியம் தீர்ந்தது. இழுக்க மாடில்லாததால் தன்னுடைய பெரிய பீரங்கிகளைத் தானே உடைத்துப் போட்டுவிட்டுப் பின்வாங்கினார். அந்தப் பாடம் படித்தபின் அவர் செய்த வேலைதான் நாம் நிற்கிற இடத்துக்கு வருகிறது: கீழ்நாட்டுச் சமவெளியிலிருந்து அரிசி மூட்டை ஏறி வரும் கணவாய்களைத் திறப்பது. ஜூலை மாதம் ஓசூர் விழுந்தது. அதே மாதம் மேஜர் கோவ்டி ராயக்கோட்டையைத் தாக்கினார். கீழ்க்கோட்டை முதலில் போயிற்று, பின்பு மேல்கோட்டைக் காவல் படை சரணடைந்தது. வழி திறந்தது. படைக்குத் தானியம் சுமந்து விற்ற நாடோடி வணிகர்களான லம்பாடிகளின் பொதிமாடுகள் வரிசையாக ஏறின.

1792 மார்ச்சில் ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கை. திப்பு பாதி நாட்டைக் கொடுத்தார், 3 கோடியே 30 லட்சம் ரூபாய் தண்டம், இரண்டு பிள்ளைகள் பணயம். பாரமகால் கம்பெனிக்குப் போனது அப்போதுதான். ஏழு வருஷம் கழித்து, 1799இல், ஜெனரல் ஹாரிஸ் படையோடு இந்த மலையடியில்தான் பாளையம் இறங்கி, இங்கிருந்து மைசூர் எல்லைக்குள் நுழைந்தார். அந்த வருஷம் மே 4ஆம் தேதி திப்பு ஸ்ரீரங்கப்பட்டணத்தில் விழுந்தார்.

கதை முடிந்ததும் சுனையைக் காட்டச் சொல்லுங்கள். மலைக்கோட்டையில் பீரங்கி மேடையைவிட முக்கியமான இடம் பாறைக் குழியில் மழைநீர் தேங்கும் சுனைதான். முற்றுகையில் கதவு உடைவது ஒரு பக்கம், சுனை வற்றுவது ஒரு பக்கம். எது முந்தியதோ அன்று கோட்டை போயிற்று. இந்தச் சுனை நீரை ஒரு நிமிஷம் பார்த்து வைத்துக்கொள்ளுங்கள். மத்தியானம் காவிரியில் உட்காரும்போது நினைவுக்கு வரும்.

"கிருஷ்ணகிரிக் கோட்டைதானே ஊருக்குள்ளேயே இருக்கிறது, அதையே ஏறலாமே?" என்று கேட்பீர்கள். ஏறலாம். சையத் பாஷா மலை என்று எங்கள் ஊர்க்காரர்கள் சொல்லும் அந்தப் பாறை இன்னும் செங்குத்து. அதன் கதையும் வேறு: 1791 நவம்பர் 7ஆம் தேதி இரவு கர்னல் மேக்ஸ்வெல்லின் படை கீழ்க்கோட்டையைப் பிடித்து, ஓடுகிறவர்களோடு சேர்ந்து மேல்கோட்டைக்குள்ளும் புகுந்துவிடலாம் என்று ஏணியோடு ஏறியது. மேலிருந்தவர்கள் பாறைகளை உருட்டிவிட்டார்கள். ஏணியும் ஆளும் நசுங்க, கம்பெனிப் படை இறங்கிப் போனது. உடன்படிக்கை வரைக்கும் அந்தக் கோட்டை திப்புவிடமே இருந்தது. கம்பெனி தோற்ற இடத்தைப் பார்க்க விரும்பினால் கிருஷ்ணகிரி, ஏன் இந்தப் போர் நடந்தது என்று பார்க்க விரும்பினால் ராயக்கோட்டை. இரண்டையும் ஒரே நாளில் ஏறாதீர்கள். ஆற்றுக்குப் போகும்போது தூங்கிக்கொண்டிருப்பீர்கள்.

காலை 9.30: டிபன், தக்காளி

இறங்கி வந்ததும் கடைத்தெருவில் இட்லியோ பூரியோ சாப்பிடுங்கள். முடிந்தால் தக்காளி மண்டியை எட்டிப் பாருங்கள். ராயக்கோட்டையும் பாலக்கோடும் தக்காளிக்குப் பெயர்போனவை. வேன்களும் கூடைகளும் ஏலக் கூச்சலுமாக இருக்கும். விலை நல்லா இருக்கும் நாளில் சிரிப்புச் சத்தம், விழுந்த நாளில் சாலையோரத்தில் கொட்டிக் கிடக்கும் சிவப்பு. எதுவும் வாங்க வேண்டியதில்லை. 1791இல் மாடு சுமந்து ஏறியதும் இன்று லாரி சுமந்து போவதும் ஏறக்குறைய ஒரே தடம் என்பதைப் பார்க்கத்தான்.

காலை 11: தருமபுரியில் ஒரு மணி நேரம்

பாலக்கோட்டிலிருந்து பாப்பாரப்பட்டி வழியாக நேரே பென்னாகரம் போய்விடலாம். சுப்பிரமணிய சிவா 1925 ஜூலை 23இல் இறந்த ஊர் பாப்பாரப்பட்டி. அவர் நினைவிடம் அங்கே இருக்கிறது. விடுதலைப் போராட்ட வரலாறு உங்களை இழுத்தால் அந்த வழி.

நான் பெரும்பாலும் தருமபுரிக்குள் போவேன். காரணம் நடுகற்கள். தொல்லியல் துறையின் அகழ்வைப்பகத்தில் வரிசையாக நிற்கின்றன. வில் வளைத்தவன், குறுவாள் ஏந்தியவன், உடம்பில் அம்பு தைத்து நிற்பவன். பக்கத்தில் வட்டெழுத்து. கோட்டையில் கேட்டதெல்லாம் தளபதிகள் பெயர். இங்கே நிற்பவன் ஊரின் மாட்டு மந்தையை, பழந்தமிழில் தொறுவை, மீட்கப் போய்ச் செத்த ஆள். இவனுக்கும் போர் மாட்டுக்காகத்தான். கார்ன்வாலிஸின் செத்த மாடுகளைக் காலையில் கேட்டுவிட்டு வந்து இந்தக் கற்களைப் பார்த்தால், ஆயிரம் வருஷ இடைவெளி சட்டென்று சுருங்கிவிடும்.

தருமபுரிதான் பழைய தகடூர். அதியமான் நெடுமான் அஞ்சியின் ஊர். அவனுக்காக ஔவையார் காஞ்சித் தொண்டைமானிடம் தூது போனார். நெல்லிக்கனி கதையைச் சொல்லித் தருகிற அளவுக்கு நாம் பிள்ளைகளுக்கு அடுத்த கதையைச் சொல்வதில்லை: பெருஞ்சேரல் இரும்பொறை படையெடுத்து வந்து தகடூரை அழித்தான். அந்த அழிவையே பட்டமாகச் சேர்த்துத் "தகடூர் எறிந்த" என்று அவனை அழைக்கிறார்கள்.

கம்பெனிக் காலமும் இதே ஊரில் தொடர்கிறது. 1792க்குப் பிறகு அலெக்சாண்டர் ரீடின் கீழ்ப் பாரமகாலில் வரி வசூலிக்க வந்த தாமஸ் மன்றோ தருமபுரியில் குடியிருந்தார். இடைத்தரகர் இல்லாமல் உழுகிறவனிடமே நேரடியாக வரி வாங்கும் ரயத்துவாரி முறையை ரீடும் அவரும் இங்கேதான் பழகிப் பார்த்தார்கள். பின்னாளில் அவர் சென்னை கவர்னரானபோது அது மாகாணத்துக்கே போனது. சென்னை மவுண்ட் ரோட்டில் குதிரை மேல் உட்கார்ந்திருப்பவர் இவர்தான். பட்டாவைக் கையில் பிடித்து நடக்கிற எவரும் அந்தப் பரிசோதனையின் வாரிசு.

ஒரு மணி நேரம் போதும். இதற்கு மேல் நின்றால் பரிசல் நேரம் தப்பும்.

மதியம் 12: பென்னாகரம் வழியாக இறக்கம்

தருமபுரியிலிருந்து ஒகேனக்கல் 46 கிலோமீட்டர். பஸ் அடிக்கடி உண்டு. பென்னாகரத்தில் ஒரு டீ. அதைத் தாண்டினால் காடு, வளைவுகள், இறக்கம். யானை நடமாடும் சாலை. வண்டியை நிறுத்திப் படம் எடுப்பது, குரங்குக்கு பிஸ்கட் போடுவது இரண்டும் வேண்டாம். 2022 நவம்பரில் இந்த இரு மாவட்டக் காடுகளில் 686 சதுர கிலோமீட்டரைக் காவேரி தெற்கு வனவிலங்கு சரணாலயமாக அறிவித்தார்கள். அக்கரையில் கர்நாடகத்தின் காவேரி சரணாலயம். ஆற்றில் நீர்நாயும் முதலையும் உண்டு. நீர்நாயைப் பார்த்தவர்கள் பாக்கியசாலிகள். எனக்கு ஒரு முறை வாலின் முனை மட்டும் கிடைத்தது.

இந்தக் காட்டோரத்து ஆலாம்பாடி என்ற ஊரின் பெயரில் ஒரு மாட்டினம் இருக்கிறது. நெற்றி முன்தள்ளி, கொம்பு பின்சாய்ந்து, வறண்ட காட்டில் மேய்ந்து வண்டி இழுக்கும் மாடு. ஹைதரும் திப்புவும் பீரங்கி இழுக்க வளர்த்த அம்ரித் மகால் மாட்டுக்கு இது உறவு முறை. இரண்டும் மைசூர் வகை. வழியில் சாம்பல் நிறத்தில் அப்படி ஒரு காளையைக் கண்டால் வழிகாட்டியிடம் கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள். எண்ணிக்கை குறைந்துவிட்டது.

மதியம் 1.15: முதலில் மீன், பிறகு பரிசல்

ஒகேனக்கல்லில் இறங்கியதும் எல்லோரும் நேராக அருவிக்கு ஓடுவார்கள். நீங்கள் மீன் கடைக்குப் போங்கள். கட்லா, ரோகு, கெளுத்தி, வாளை, ஜிலேபி என்று இருக்கும். "ஆத்து மீனுங்களா, வளர்ப்பு மீனுங்களா?" என்று கேளுங்கள். எல்லாம் ஆற்று மீன் என்றுதான் முதல் பதில் வரும். செவுளைத் தூக்கிப் பார்த்துச் சிவப்பாக இருந்தால் வாங்குங்கள்.

வாங்கிய மீனைச் சமைத்துக் கொடுப்பதற்கென்றே இங்கே பெண்கள் இருக்கிறார்கள். குழம்பு எவ்வளவு, வறுவல் எவ்வளவு, காரம் எப்படி, சோறா களியா, என்ன கூலி என்று எல்லாம் பேசிக் கையில் கொடுத்துவிட்டுப் பரிசலுக்குக் கிளம்புங்கள். திரும்பும்போது குழம்பு தயார். இந்த ஒரு வரிசை மாற்றத்தில் ஒரு மணி நேரம் மிச்சம். ஒரு முறை மாற்றிச் செய்து, பரிசல் முடிந்தபின் மீன் வாங்கி, அடுப்புப் புகையில் பசியோடு உட்கார்ந்திருந்தோம். "பொறுங்க தம்பி, வேகாத மீனைத் தின்னுட்டு என்னைத் திட்டாதீங்க" என்று அந்த அக்கா சொன்னது நியாயம்தான்.

களி சொல்லுங்கள். ராகிக் களிக்கும் ஆற்று மீன் குழம்புக்கும் பொருத்தம் பார்க்க ஜோசியர் வேண்டாம்.

மதியம் 2: பரிசலில்

அரசு நிர்ணயித்த கட்டணத்துக்குச் சீட்டு வாங்குங்கள். ஒரு பரிசலுக்கு இத்தனை பேர் என்று கணக்கு உண்டு. "இன்னும் ஒருத்தர் ஏறிக்கலாம்" என்று யார் சொன்னாலும் ஏறாதீர்கள். லைப் ஜாக்கெட் கட்டாயம். வாரைக் கழற்றிவிட்டுப் போட்டோவுக்கு நிற்பது பரிசலைக் கவிழ்க்கிற குறுக்குவழி. ஏறும்போது நடுவில் கால் வைத்து, உடனே உட்கார்ந்து, எடை நான்கு பக்கமும் சமமாகும்படி பரவிக்கொள்ளுங்கள்.

பரிசல் என்பது மூங்கில் பிளாச்சை வட்டமாகப் பின்னிய பெரிய கூடை. அடியில் முன்பு தோல் போர்த்தினார்கள். இப்போது பிளாஸ்டிக் ஷீட், மேலே தார். முன்னும் இல்லை, பின்னும் இல்லை. ஒற்றைத் துடுப்பு. நேராகப் போக வைப்பதுதான் வித்தை, விட்டால் சுற்றும். சுற்றிக் காட்டுவது பயணிகளுக்கான விளையாட்டு, ஆற்றைக் கடப்பவனுக்கு அது தொந்தரவு. வேலை முடிந்ததும் அதைக் கவிழ்த்துத் தலையில் வைத்துப் பரிசல்காரர் நடந்து போவார். பின்னாலிருந்து பார்த்தால் இரண்டு கால் முளைத்த ஆமை.

காலைப் போர்க்கதை இங்கேயும் விடாது. 1520களில் விஜயநகரத்துக்கு வந்த போர்த்துக்கீசியர் டொமிங்கோ பயஸ், துங்கபத்திரையில் இதே கூடைப் படகைப் பார்த்து எழுதி வைத்தார்: உள்ளே பிரம்பு, வெளியே தோல், பதினைந்து இருபது பேர் ஏறலாம், சுற்றிக்கொண்டே போகிறது. மைசூர்ப் போரில் பழகிய ஆர்தர் வெல்லெஸ்லி, 1803இல் தக்காணத்தில் மராத்தியரோடு போரிட்டபோது, மழைக்கால ஆறுகளைப் படை கடக்கத் தோல் போர்த்திய கூடைப் படகுகளைத் தயார் செய்யச் சொன்னார். பின்னாளில் வாட்டர்லூவில் நெப்போலியனை வென்ற வெலிங்டன் பிரபு அவர்தான். வழிகாட்டி இதைச் சொன்னபோது எங்கள் பரிசல்காரர் துடுப்பை நிறுத்தாமலே கேட்டார்: "அவருக்குத் துடுப்புப் போடத் தெரியுமாங்க?"

கல்லை வெட்டிய சந்துக்குள் பரிசல் நுழைந்ததும் வெயில் குறைந்து சத்தம் மாறும். இரண்டு பக்கமும் செங்குத்துப் பாறை, மேலே அருவி விழும் புகை. கன்னடத்தில் ஹொகெ என்றால் புகை, கல் என்றால் கல். ஊர்ப் பெயரே அதுதான். ஆற்றின் நடுவே எல்லை ஓடுகிறது, இக்கரை தமிழ்நாடு, அக்கரை கர்நாடகம். தண்ணீரில் மிதந்தபடியே நொறுக்குத் தீனி விற்கும் பரிசல் பக்கத்தில் வந்து ஒட்டும்.

இங்கே பேச்சை வழிகாட்டியிடமிருந்து பரிசல்காரருக்கு மாற்றுங்கள். இந்தப் பயணத்தில் இரண்டாவது வழிகாட்டி அவர். "தண்ணி நிறைய வந்து தடை போட்டா அந்த மாசம் என்ன பண்ணுவீங்கண்ணா?" என்று கேளுங்கள். பதில் ஆளுக்கு ஆள் மாறும்: வலை, ஆடு, பெங்களூரில் கட்டட வேலை, திருப்பூர். நாம் செய்தியில் படிக்கும் கன அடி இவர் வீட்டில் அரிசிக் கணக்கு. நீச்சல் எப்போது கற்றார், வெள்ளம் வருவதை எதை வைத்துத் தெரிந்துகொள்கிறார், எந்தச் சுழியில் துடுப்பை எப்படித் திருப்புகிறார் என்றும் கேளுங்கள். படம் எடுப்பதற்கு முன் அனுமதி கேளுங்கள். சீட்டுக் கட்டணத்துக்கு மேல் கையில் கொடுப்பது உங்கள் விருப்பம். கொடுப்பதானால் இறங்கியதும் கொடுங்கள். பேரம் பேசி அசிங்கப்படுத்தாதீர்கள்.

கரைக்குத் திரும்பிச் சாப்பாடு. அதன் பிறகு நேரம் இருந்தால் எண்ணெய்க் குளியல், தொங்குபாலம், முதலைப் பண்ணை. மசாஜ் செய்கிறவர்கள் தரும் எண்ணெய் கண்ணில் பட்டால் எரியும். சாப்பிட்ட உடனே அருவிக்கடியில் நிற்காதீர்கள். அனுமதித்த இடத்தைத் தவிர வேறெங்கும் இறங்காதீர்கள். மேலே அமைதியாகத் தெரியும் மடுவில்தான் ஆட்கள் மூழ்கிப் போகிறார்கள். வருஷா வருஷம் போகிறார்கள்.

ஒகேனக்கல் அலுத்தவர்களுக்கு

நாலைந்து முறை பார்த்துவிட்டேன் என்பவர்களுக்கு ஒரு மாற்றுச் சொல்கிறேன். பென்னாகரத்திலிருந்து ஒகேனக்கல் பக்கம் இறங்காமல் ஏரியூர் வழியாக நாகமரை அல்லது ஒட்டனூருக்குப் போங்கள். அங்கே ஆறு ஆறாக இல்லை. மேட்டூர் அணையின் தேக்கம் அகலமாகக் கிடக்கும். 1934இல் கட்டி முடித்த அணை, முழு நீர்மட்டம் 120 அடி, கொள்ளளவு 93.47 டி.எம்.சி. நிறைந்தால் இங்கே வரை தண்ணீர்.

நாகமரைக்கு அக்கரை பண்ணவாடி, ஒட்டனூருக்கு அக்கரை கோட்டையூர். இரண்டும் சேலம் மாவட்டம். சாலையில் போனால் சுற்று, தண்ணீரில் போனால் சில நிமிஷம். பள்ளிக்கூடப் பிள்ளை, தயிர்க்காரம்மா, பைக், ஆடு எல்லாம் ஒரே படகில் ஏறும். பாலம் கேட்டு ஊர்க்காரர்கள் பல காலம் மனுக் கொடுத்திருக்கிறார்கள். பரிசல் இங்கே பொழுதுபோக்கு இல்லை, பஸ். கரையில் மீனவர் குடில்கள், காயும் வலைகள், விடிகாலையில் மீன் எடை போடும் தராசு. தண்ணீர் வற்றும் மாதங்களில், விலகிய அணைத் தரையிலேயே உழுது விதைத்திருப்பார்கள்.

நீர்மட்டம் நன்றாக இறங்கினால் பண்ணவாடிப் பக்கம் அணைக்குள் மூழ்கிய பழைய ஊரின் நந்தி சிலையும், தேவாலயக் கோபுரமும் வெளியே தலை நீட்டும். முந்தைய நாள் மேட்டூர் நீர்மட்டத்தைச் செய்தியில் பார்த்துவிட்டுப் போங்கள். நிறைந்திருந்தால் நந்தி தரிசனம் இல்லை. இந்த வழியில் ஹோட்டல் தேடாதீர்கள். தருமபுரியிலேயே சாப்பாட்டைக் கட்டிக்கொள்ளுங்கள்.

மாலை 5: திரும்புதல்

எந்தக் கரைக்குப் போனாலும் ஐந்து மணிக்கு வண்டியை எடுத்துவிடுங்கள். காட்டு வளைவுகளை வெளிச்சத்தில் ஏற வேண்டும். பஸ்ஸில் வந்தவர்கள் ஒகேனக்கல் நிலையத்தில் இறங்கும்போதே திரும்பும் நேரத்தைக் கேட்டு வைத்துக்கொள்ளுங்கள். ஞாயிறு மாலையில் உட்கார இடம் கிடைக்காது. முடிந்தால் வார நாளில் வாருங்கள்.

வழிகாட்டியை அவர் வீட்டு வாசல் வரை கொண்டுபோய் இறக்கிவிடுங்கள். மிஞ்சிய மீன் வறுவலைக் கட்டிக் கொடுத்தால் வேண்டாம் என்பார். இரண்டாம் முறை நீட்டினால் வாங்கிக்கொள்வார்.